வரிசை எண் 217

செப்டம்பர் 9

இந்த நோட்டைப் படம் எடுக்கிற முகிலரசு கொடுத்தான். எந்தக் காட்சியில் யார் என்ன உடுப்பில் இருந்தார்கள், எந்தப் பொத்தான் திறந்திருந்தது, எங்கே அழுக்குப் பட்டிருந்தது என்று நான் எழுதிவைக்க வேண்டுமாம். இல்லாவிட்டால் வாசலில் நீலச் சட்டையோடு நுழைந்தவன் வீட்டுக்குள்ளே பச்சைச் சட்டையோடு நிற்பான் என்றான். இருபது வருடமாகப் பள்ளிக்கூடச் சீருடை தைக்கிறேன். சினிமாவுக்குத் தைப்பேன் என்று கனவிலும் நினைத்ததில்லை.

படத்தின் பெயர் ‘செவ்வாய்த் தொகுதி இடைத்தேர்தல்’. நம் ஆட்கள் செவ்வாய் கிரகத்துக்குப் போய்க் குடியேறிவிட்டார்கள். அங்கே காற்று ரேஷனில்தான் கிடைக்கும். எம்.எல்.ஏ. செத்துப்போகிறார், இடைத்தேர்தல் வருகிறது, ஆளாளுக்கு இலவசக் காற்று சிலிண்டர் தருவதாகச் சொல்கிறார்கள். தயாரிப்பாளர் என்று யாரும் கிடையாது. யூடியூபில் முகிலரசு போடும் நையாண்டி வீடியோக்களைப் பார்க்கிறவர்கள் கூடி எடுக்கிற படம். துபாயிலும் திருப்பூரிலும் இருக்கிறவர்கள் ஆளுக்குக் கொஞ்சம் அனுப்புகிறார்கள். ‘படம் வராட்டி ஊருக்குள்ள தலை காட்ட முடியாதுக்கா’ என்றான். பயல் பயந்துதான் இருக்கிறான்.

மதியம் போய் ரீசார்ஜ் செய்துவிட்டு வந்தேன். கடைக்காரர் எண்ணைக் கேட்கவே மாட்டார், பார்த்ததும் தானே போட்டுவிடுவார்.

செப்டம்பர் 13

விண்வெளி உடுப்பு நான்கு. காருக்குள் வெயிலை மறைக்க வைக்கும் வெள்ளித் தாளை வெட்டித் தைக்கிறேன். ஊசி இரண்டு ஒடிந்துவிட்டது. தலைக்கவசத்துக்கு பேக்கரியில் மக்ரூன் போட்டு வைக்கும் பெரிய பிளாஸ்டிக் ஜாடி. எத்தனை தரம் கழுவினாலும் முந்திரி வாசம் போகவில்லை. செவ்வாயில் எல்லோரும் மக்ரூன் வாசத்தில்தான் மூச்சு விடப்போகிறார்கள்.

மாமி, என் வீட்டுக்காரரைப் பெற்றவள், எட்டிப் பார்த்துவிட்டு, ‘இதைப் போட்டுக்கிட்டு எந்தக் கிறுக்கன் நிப்பான்?’ என்று கேட்டுவிட்டுப் போனாள்.

செப்டம்பர் 20

நடிக்கிற கிறுக்கர் வந்திருந்தார். சங்கரவேலு சார், துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். படத்தில் செவ்வாய்க்கான தேர்தல் அதிகாரி. அளவெடுக்கும்போது வசனத்தைச் சொல்லிக் காட்டினார்.

‘உசுரோட இருக்கவன் ரோடு கேப்பான், தண்ணி கேப்பான், இங்க காத்தும் கேப்பான். செத்தவன் ஒண்ணும் கேக்க மாட்டான். தேர்தல் அன்னைக்குக் கரெக்டா ஓட்டு மட்டும் விழும். அவன்தான் நல்ல வாக்காளன்.’

அதனால் அதிகாரி பட்டியலைச் சரிபார்க்க வருகிறார். பெயரைக் கூப்பிடும்போது பதில் சொல்கிறவன் உயிரோடு இருக்கிறான் என்று அர்த்தம், அவன் பெயரைச் சிவப்பு மையால் அடித்துவிடுவார். பதில் வராவிட்டால் ‘காலமானார்’ என்று ரப்பர் முத்திரை குத்துவார். அவனுக்கு ஓட்டு உண்டு. இடுப்பளவு டேப்பைப் பிடித்துக்கொண்டே சிரித்தேன். சாரும் சிரிக்க, அவர் வயிறு குலுங்கியதில் அளவு தப்பிவிட்டது, திரும்ப எடுக்க வேண்டியதாயிற்று.

செப்டம்பர் 24

முகிலரசுக்குப் புது யோசனை. படத்துக்கு உதவிய முந்நூறு பேரும் செவ்வாயின் வாக்காளர்கள். அவர்கள் பெயரைத்தான் அதிகாரி கூப்பிடுவார். முந்நூறு பேரை நிறுத்த ஆளுக்கு எங்கே போவது? ரேஷன் கடை வரிசையில் நாம் பையையும் கல்லையும் செருப்பையும் போட்டு இடம் பிடிக்கவில்லையா? அதுபோல மணலில் ஜாடிகளை வரிசையாக வைத்துவிடுவான். ஆட்கள் காற்றை மிச்சப்படுத்த வளைக்குள் படுத்திருக்கிறார்கள், குரல் மட்டும் ரேடியோவில் வரும். ஒவ்வொருவரும் தங்கள் குரலில் ‘உள்ளேன் ஐயா’ என்று பதிந்து வாட்ஸப்பில் அனுப்ப வேண்டும்.

பயலுக்கு மூளை இருக்கிறது. கையில் ஊசி குத்திவிட்டது, அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அக்டோபர் 1

வாக்காளர் பட்டியலை என்னையே கையால் எழுதச் சொல்லிவிட்டான். என் அளவு நோட்டைப் பார்த்தானாம், எழுத்து அரசாங்கத்து எழுத்து மாதிரி இருக்கிறதாம். முந்நூறு பெயர் எழுத நான்கு நாள் ஆனது. 217-ல் ஒரு பெயர் இரண்டாம் தரம் வந்திருந்தது. அதை எடுத்தால் கட்டம் காலியாக நிற்கிறது, பார்க்க நன்றாக இல்லை. ஏதோ ஒரு பெயரை எழுதி நிரப்பிவிட்டேன்.

எழுதிக்கொண்டிருக்கும்போது முகிலரசு கேட்டான்: ‘அண்ணன் எங்கக்கா? ஒரு நாளும் பாத்ததில்லையே.’

‘தோணியில போயிருக்காரு. மாலத்தீவுக்குச் சரக்கு.’

பொய் சொல்லவில்லை.

அக்டோபர் 7

ரீசார்ஜ்.

இறந்தவர்களுக்காகப் பூசை வைக்கும் கல்லறைத் திருநாளுக்கு இன்னும் நான்கு வாரம் இருக்கிறது, மாமி அதற்குள் தொடங்கிவிட்டாள். சாப்பிடும்போது தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

‘ஏழு வருசம் ஆயிட்டு ஜெசி. கூடப் போன ஆறு பேரு பேரையும் பூசையில வாசிக்காவ. எம்புள்ள பேரு மட்டும் இல்ல. ஜெபிக்க ஆளில்லாம, மோட்சத்துக்கும் போவாம அவன் உத்தரிக்கிற ஸ்தலத்துல கெடந்து வேவுதான்.’

‘வேகிறார்னு உங்களுக்கு யார் சொன்னா?’

‘அப்ப எங்க இருக்கான்? நீ சொல்லு.’

மீன் முள் அதிகமாக இருந்தது. எடுத்து ஓரமாக வைத்தேன். மாமியே யாரிடமாவது பெயரை எழுதி வாங்கிக் கோயில் பெட்டியில் போட்டுவிடலாம், ஆனால் போட மாட்டாள். பொண்டாட்டிக்காரி இருக்கும்போது அவள்தான் எழுதிக் கொடுக்க வேண்டும் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். ஒவ்வொரு வருடமும் கேட்பாள், நான் எழுந்து கை கழுவப் போய்விடுவேன். இந்த வருடமும் போனேன்.

அக்டோபர் 12

தேரியில் படப்பிடிப்பு. காலை வேனில் போனோம். கண்ணுக்கெட்டிய வரை சிவந்த மணல், செவ்வாயேதான். நடுவில் பனைகள் நிற்கின்றன. மறைக்க வழியில்லாமல், ‘இந்த ஆன்டெனா எல்லாம் போன ஆட்சியில வச்சது, ஒண்ணும் வேலை செய்யாது’ என்று முகிலரசு ஒரு வசனத்தைச் சேர்த்துவிட்டான்.

உடுப்புக் குறிப்பு: அதிகாரி, இடது தோள் தையல் பிரிந்து ஊக்கு போட்டிருக்கிறது. வலது முழங்காலில் மண். ஜாடி மூடி திறந்திருக்கிறது (சார் வெந்துவிடுவார்).

நாற்பது ஜாடிகளை மணலில் வரிசையாக வைத்தோம். பெயர் கூப்பிடும் காட்சி. பட்டியலில் எந்தப் பக்கம் வேண்டும் என்று முகிலரசு புரட்டிப் பார்த்து 201 தொடங்கும் பக்கத்தை எடுத்தான். ‘இந்தப் பக்கத்துலதான் எழுத்து ரொம்ப நல்லா விழுந்திருக்குக்கா’ என்றான். வேறு பக்கம் எடு என்று சொல்ல வாயெடுத்தேன். என்ன காரணம் சொல்வது?

ரசிகர்களின் குரல்களைப் பிறகுதான் சேர்ப்பார்கள். சார் சரியான இடைவெளி விட வேண்டும் என்பதற்காக ஒவ்வொரு பெயருக்கும் கேமராவுக்குப் பின்னால் நின்று ‘உள்ளேன் ஐயா’ சொல்வது என் வேலை. ஆண் பெயருக்கும் நான்தான், பெண் பெயருக்கும் நான்தான். சார் சிரிப்பை அடக்கிக்கொண்டு ஒவ்வொரு பெயராக அடித்துக்கொண்டே வந்தார்.

‘வரிசை எண் 217. ரெமிஜியுஸ்.’

நான் சொல்லவில்லை. தொண்டையில் மணல் போய்விட்டது.

சார் அனுபவசாலி, நிறுத்தவில்லை. ‘ரெமிஜியுஸ்’ என்று இன்னொரு தரம் கூப்பிட்டார். கோர்ட்டில் கூப்பிடுவது போல மூன்றாம் தரம் நீட்டிக் கூப்பிட்டார். காற்று மட்டும் அடித்தது. முத்திரையை எடுத்து மையில் ஒற்றி ‘காலமானார்’ என்று குத்தினார். ‘பரவால்ல, ஒரு நல்ல ஆள் கெடைச்சான்’ என்றார். அந்த நேரத்தில் கடைசி ஜாடி காற்றில் உருண்டு ஓட, சார் தலையைத் தூக்கி அந்தப் பக்கம் பார்த்துவிட்டு, ‘218’ என்றார்.

கட் சொன்னதும் எல்லோரும் கைதட்டினார்கள். நான் உருண்டுபோன ஜாடியை எடுக்கப் போனேன். கொஞ்ச தூரம் போயிருந்தது.

அக்டோபர் 13

வேன் வரவில்லை. சட்டை ஏழு தைத்தேன், காலர் இரண்டைத் தலைகீழாக வைத்துப் பிரித்தேன்.

என் வீட்டுக்காரர் பள்ளிக்கூடத்துக்கு ஒழுங்காகப் போனவர் இல்லை. டீச்சர் பெயர் வாசிக்கும்போது ‘உள்ளேன் ஐயா’ சொல்லிவிட்டுப் பின்வாசல் வழியாகக் கடற்கரைக்கு ஓடிவிடுவாராம். கல்யாணத்துக்குப் பிறகும் அந்தப் பழக்கம் இருந்தது. கடலிலிருந்து சிக்னல் கிடைக்கும்போது ‘இருக்கீங்களா?’ என்று நான் கேட்டால் அதே பதில்தான் வரும். இதை எதற்கு இங்கே எழுதுகிறேன், உடுப்புக் குறிப்பு நோட்டில்?

அக்டோபர் 19

மழை. மிச்சக் காட்சிகளைக் கல்யாண மண்டபத்து ஸ்டோர் ரூமில் எடுத்து முடித்தார்கள். உடுப்புகளைத் துவைக்க முடியாது, துடைத்து மடித்து வைத்தேன்.

அக்டோபர் 24

முகிலரசு கடைக்கு வந்தான். கூடவே லேப்டாப்.

‘எக்கா, 217 யாரு? நமக்கு உதவி பண்ணவங்க லிஸ்ட்ல அப்படி ஒரு பேரே இல்ல. குரலும் வரல. ஆனா அந்த இடந்தான் படத்துலயே டாப். பாக்கிறவன் சிரிக்க ஆரம்பிச்சு நடுவுல சிரிப்பு நின்னுபோயிருது.’

மெஷினை நிறுத்தினேன். ‘எங்க வீட்டுக்காரர்’ என்றேன்.

அவன் சிரித்தான். ‘அண்ணனா? சொல்லியிருந்தா அவரயே குரல் அனுப்பச் சொல்லிருப்பேனே’ என்றான். அப்புறம் என் முகத்தைப் பார்த்தான்.

தோணி கிளம்பி ஒன்பதாம் நாளுக்குப் பிறகு தகவல் இல்லை என்று சொன்னேன். ஏழு பேர் என்று சொன்னேன். பலகை ஒன்றுகூடக் கரை ஒதுங்கவில்லை, ஆகையால் யாரும் எதையும் அடித்துச் சொல்ல முடியாது என்றும் சொன்னேன். பாடம் ஒப்பிக்கிற மாதிரி சொல்லிவிட்டேன், யாரிடமும் சொல்லி ரொம்ப நாளாகிவிட்டது.

முகிலரசு கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். ‘நான் அந்த முத்திரைக்குக் கைதட்டுனேனேக்கா’ என்றான். அதைத் திரும்ப மாட்டிக்கொண்டு, ‘அந்த இடத்தையே வெட்டிருதேன். படம் ஒண்ணும் கெட்டுப்போகாது’ என்றான்.

கெட்டுப்போகும். அது எனக்கே தெரிகிறது. முந்நூறு பேர் நம்பிக் கொடுத்த படம், அதில் நன்றாக வந்த ஒரே இடத்தை என்னால் வெட்ட வேண்டுமா? அப்படியே விட்டால் இவர் செத்துப்போனார் என்று ஊர் உலகமெல்லாம் பார்க்கும், சிரிக்கும்.

‘ரெண்டு நாள் குடு’ என்றேன்.

போகும்போது வாசலில் நின்று கேட்டான்: ‘அண்ணன் குரல் ஏதாவது இருக்காக்கா?’

‘இல்லை.’

அக்டோபர் 26

இருக்கிறது. எழுதிவிடுகிறேன், இந்த நோட்டை யார் படிக்கப்போகிறார்கள்?

இவர் குரல், ஒன்பதாம் நாள் வாட்ஸப்பில் வந்தது. ஐந்து நொடி. ஏழு வருடத்தில் போன் மூன்று மாறிவிட்டது, ஒவ்வொரு தரமும் அதை முதலில் மாற்றிக்கொண்டு பிறகுதான் மற்றதை மாற்றுவேன். மதியம் மாமி கண் அசரும் நேரத்தில் காதில் ஒயரை மாட்டிக்கொண்டு கேட்பேன். அந்த வருடமே மாமி என்னிடம் கேட்டாள், ‘அவன் பேசினது எதாவது உன் போன்ல கெடக்கா ஜெசி?’ என்று. இல்லை என்று சொன்னேன்.

ஏன் சொன்னேன்? கேட்டால் அழுவாள், அழுதால் ஊர் கூடும், கூடினால் எல்லாம் முடிந்துபோகும் என்று நினைத்தேன். அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மையைச் சொன்னால், அது என்னிடம் மட்டும் இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டேன். பெற்றவளுக்குக்கூடக் கொடுக்கவில்லை. என்ன பெண்பிள்ளை நான்?

அக்டோபர் 29

காலையில் முடிவு செய்தேன். முகிலரசுக்கு அனுப்பிவிடுவது என்று. சரியாக இருக்கிறதா என்று பார்க்கத் தொட்டேன். காதில் ஒயர் மாட்டியிருப்பதாக நினைத்தேன், மாட்டவில்லை. இத்தனை வருடத்தில் இப்படித் தவறியதில்லை.

‘உள்ளேன் ஐயா. சோறு தின்னுட்டேன். நீ தின்னியா?’

வீடு முழுக்கக் கேட்டது. பின்கட்டில் மாமி சாளை மீன் உரசிக்கொண்டிருந்தாள். உரசும் சத்தம் நின்றது. கையெல்லாம் செதிலோடு வந்து நிலைப்படியில் நின்றாள். திட்டுவாள் என்று நினைத்தேன், திட்டினால் நன்றாக இருக்கும் என்றுகூட நினைத்தேன்.

‘இன்னொரு தரம் போடு’ என்றாள்.

போட்டேன். தரையில் உட்கார்ந்தாள். இன்னொரு தரம் போட்டேன். கையைச் சேலையில் துடைத்துவிட்டு, போனை வாங்கித் தன் காதில் வைத்துக்கொண்டாள். எத்தனை தரம் கேட்டாள் என்று எண்ணவில்லை. பூனை மீன் ஒன்றைத் தூக்கிக்கொண்டு ஓடியது, இரண்டு பேரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தோம்.

‘மன்னிச்சிருங்க மாமி’ என்றேன்.

அவள் அதைக் காதில் வாங்கவில்லை. ‘தின்னுட்டேன்னு சொல்லுதான்’ என்றாள். ‘பட்டினியா இல்ல.’

நான் அழுதேன். ஏழு வருடத்துக்கும் சேர்த்து அழுதேன் என்றுதான் நினைக்கிறேன். மாமி அழவில்லை.

மதியம் முகிலரசுக்கு அனுப்பினேன்.

அக்டோபர் 31

முகிலரசு அழைத்துப் போட்டுக் காட்டினான். எதையும் வெட்டவில்லை, புதிதாக எடுக்கவும் இல்லை. சார் மூன்று தரம் கூப்பிடுகிறார். காற்று. முத்திரை விழுகிறது. ‘பரவால்ல, ஒரு நல்ல ஆள் கெடைச்சான்.’ அதற்குப் பிறகு, எல்லாம் முடிந்த பிறகு, ரேடியோ கரகரப்புக்கு நடுவில் இவர் குரல் வருகிறது: ‘உள்ளேன் ஐயா. சோறு தின்னுட்டேன். நீ தின்னியா?’ சார் திடுக்கிட்டுத் தலையைத் தூக்கிப் பார்க்கிறார். அன்றைக்கு அவர் பார்த்தது உருண்டு போன ஜாடியை. இப்போது இவரைப் பார்ப்பது போலவே இருக்கிறது. குத்தின முத்திரையை என்ன செய்வது என்று தெரியாமல் முழித்துவிட்டு, ‘218’ என்கிறார்.

நான் சிரித்துவிட்டேன். வழக்கம்போல இவர் தாமதமாகத்தான் வந்திருக்கிறார். கணக்கில் செத்துப்போயிருக்கிறார், நான் சாப்பிட்டேனா என்று கேட்கிறார். முகிலரசு நான் அழுவேன் என்று தண்ணீர் பாட்டிலைத் திறந்து வைத்திருந்தான். அதை வாங்கிக் குடித்தேன்.

‘நல்லா இருக்குல்லக்கா?’

‘நல்லா இருக்குலே. அப்படியே விட்டுரு.’

வருகிற வழியெல்லாம் யோசித்துக்கொண்டு வந்தேன். இனி அந்தக் குரல் என் போனில் மட்டும் இருக்கிறது என்று இல்லை, முந்நூறு குரல்களோடு போய்ச் சேர்ந்துவிட்டது. கொடுத்தால் ஒன்றும் இல்லாமல் போய்விடுவேன் என்று பயந்திருந்தேன். அப்படிப் போகவில்லை. இரண்டு பரோட்டா வாங்கித் தின்றுவிட்டு வீட்டுக்கு வந்தேன்.

நவம்பர் 1

துண்டுச் சீட்டில் எழுதினேன். ‘ரெமிஜியுஸ்’ என்று மட்டும். பட்டியலில் எழுதினதைவிட எழுத்து மோசமாக விழுந்தது. மாமியிடம் கொடுத்தேன்.

‘பெட்டியில போட்டுருங்க மாமி. நாளைக்கு வாசிக்கட்டும்.’

மாமி சீட்டை வாங்கி விரித்துப் பார்த்தாள். அவளுக்கு வாசிக்கத் தெரியாது. ஆனாலும் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். ஏழு வருடம் கேட்டது கிடைத்துவிட்டதே, ஒரு வார்த்தை சொல்வாள் என்று நின்றேன். ‘நீ தின்னியா?’ என்று மட்டும் கேட்டாள். சாயங்காலம் தனியாகக் கோயிலுக்குப் போய்விட்டு வந்தாள்.

நவம்பர் 2

காலைப் பூசை. நானும் மாமியும் ஒரே பெஞ்சில். மழை விட்டு, ஜன்னல் வழியாக ஈர மண் வாசம் வந்துகொண்டிருந்தது. சாமியார் இறந்தவர்கள் பெயரை வாசிக்கத் தொடங்கினார். தோணியில் போன ஆறு பேர் பெயரும் வந்தது. ஒவ்வொரு பெயருக்குப் பிறகும் சாமியார் கொஞ்சம் நிறுத்துகிறார். சங்கரவேலு சாருக்கு நான் கொடுத்த அதே அளவு இடைவெளி. அடுத்தது இவர்தான் என்று ஒவ்வொரு தரமும் நினைத்தேன். பெயர்கள் முடிந்துவிட்டன. சாமியார் தாளை மடித்துவிட்டார்.

விட்டுப்போயிற்று என்று நினைத்து எழுந்தேன், சாமியாரிடம் போய்ச் சொல்ல. மாமி என் சேலையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள்.

‘பேரைப் போடலையா மாமி?’

முழந்தாளிடும்போது அவள் கையிலிருந்த ஜெபப் புத்தகத்தைப் பார்த்தேன். எழுத்துத் தெரியாவிட்டாலும் எப்போதும் கையில் வைத்திருப்பாள். நடுவில் சீட்டின் ஓரம் தெரிந்தது.

கல்லறைத் தோட்டத்துக்கு எல்லோரும் மெழுகுவத்தியோடு போனார்கள். எங்களுக்கு அங்கே கல்லறை இல்லை, வீட்டுக்கு நடந்தோம். முக்குக் கடை வந்ததும் மாமி சொன்னாள், ‘குரலு வருது ஜெசி. குரலு வாறவன் பேரை எப்படிட்டி குடுக்க?’

நவம்பர் 4

இந்தத் தரம் ரீசார்ஜை விட்டுவிடலாம் என்று இருந்தேன். நான் எழுதிக் கொடுத்துவிட்டேன், என் அளவில் முடிந்துவிட்டது என்று நினைத்தேன். காலையிலிருந்து ஒரு சட்டைக்குக் கை வைத்துக்கொண்டிருந்தேன்.

பதினோரு மணி இருக்கும். மாமி கடைக்குள் வந்து மெஷின் பக்கத்தில் நின்றாள். இதைப் பற்றி அவளிடம் நான் ஒரு நாளும் வாய் திறந்ததில்லை.

‘இருபத்தெட்டு நாளு ஆச்சுல்லா’ என்றாள். ‘அவன் போனுக்குப் போட்டுட்டு வா.’

போய்ப் போட்டுவிட்டு வந்தேன்.